நீல சிடி ஓடும், வெள்ளி சிடி ஓடாது

விசிடி பிளேயர் காலத்தில் தூத்துக்குடியில் வளர்ந்தவர்களுக்கு ஒரு தீர்ப்பு மனப்பாடம்: ‘லென்ஸ் வீக்.’ படம் விட்டுவிட்டு ஓடினால் லென்ஸ் வீக். சிடியை உள்ளே இழுத்துவிட்டு ‘நோ டிஸ்க்’ என்றால் லென்ஸ் வீக். சிடியே சுற்றாவிட்டாலும் அதேதான். எங்கள் தெருமுனையில் ரேடியோ, டிவி, மிக்ஸி என்று எதைக் கொண்டுபோனாலும் பார்த்துக் கொடுக்கும் அண்ணாச்சி ஒருவர் இருந்தார். துணிப்பையிலிருந்து பெட்டியை வெளியே எடுக்கும்போதே தீர்ப்பைச் சொல்லிவிடுவார். குற்றம் சொல்ல முடியாது, பாதிக்குப் பாதி அது சரியாகவே இருக்கும். எங்கள் வீட்டுப் பெட்டி மற்றப் பாதியைச் சேர்ந்தது. குறைந்தபட்சம் முதல் தடவை.

சித்தப்பாவுக்குக் கப்பலில் வேலை. 2005இல் கப்பல் சிங்கப்பூரில் நின்றபோது ஒரு பிளேஸ்டேஷன் 2 வாங்கி வந்தார். முன்பக்கம் தட்டு நீண்டு வந்து சிடியை வாங்கிக்கொள்ளும் பழைய மாடல், கனத்த கறுப்புப் பெட்டி. முந்தைய ஆண்டின் கடைசியிலேயே மெலிந்த மாடல் வந்துவிட்டதால் இது சல்லிசாகக் கிடைத்ததாம். 2000 மார்ச்சில் ஜப்பானில் முதன்முதலாக விற்பனைக்கு வந்து, உலகம் முழுக்கப் பதினைந்து கோடிக்கும் மேல் விற்ற பெட்டி அது என்பதெல்லாம் அப்போது எங்களுக்குத் தெரியாது. போட்டதும் இருட்டுக்குள் தூண்கள் முளைத்து நிற்கும் ஒரு காட்சி வரும். மெமரி கார்டில் நாம் சேமித்துவைத்த ஆட்டங்களுக்கு ஏற்ப அந்தத் தூண்கள் கூடும், உயரும். எங்கள் வீட்டுத் தூண்கள் ஒவ்வொரு கோடை விடுமுறையிலும் ஒரு சுற்று வளர்ந்தன. அம்மாவுக்கு அதைப் பார்த்தாலே எரியும்.

கோளாறு 2007 ஆடியில் தொடங்கியது. முதலில் கார்ப் பந்தயத்தில் அடுத்த பாதை ஏறுவதற்கு நேரம் பிடித்தது. கிரிக்கெட்டில் வர்ணனையாளர் பாதி வாக்கியத்தில் நின்றுபோனார். பந்து போய்க்கொண்டே இருக்கும், அவர் மட்டும் பேசமாட்டார். பிறகு உள்ளிருந்து டக், டக் என்று ஒரு சத்தம். கடைசியில் அந்தச் சிவப்புத் திரை: பிளேஸ்டேஷன் அல்லது பிளேஸ்டேஷன் 2 வகை டிஸ்க்கைப் போடவும் என்று ஆங்கிலத்தில் ஒரு வரி. போட்டிருந்தது அந்த வகை டிஸ்க்தான். அது பெட்டிக்குத் தெரியவில்லை.

ஊரில் இதற்குக் கைவைத்தியம் ஏராளம். பற்பசை தடவிக் கழுவச் சொன்னான் ஒருவன். அதில் கொஞ்சம் உண்மை உண்டு. பற்பசையில் மிக மெல்லிய உராய்வுப் பொடி இருக்கிறது, பாலிகார்பனேட்டில் விழுந்த மேலோட்டமான கீறலை அது மழுக்கிவிடும். ஆனால் புத்தம்புது சிடியையும் ஏற்காத பெட்டிக்குப் பற்பசை என்ன செய்யும்? பெட்டியைத் தலைகீழாகக் கவிழ்த்துவைத்து ஓட்டச் சொன்னார் சித்தப்பாவின் நண்பர். அவர் சொன்னது இதற்கு முந்தைய பெட்டியின் வைத்தியம். முதல் பிளேஸ்டேஷனின் ஆரம்ப மாடல்களில் லென்ஸ் நகரும் தடம் பிளாஸ்டிக். தேய்ந்து லென்ஸ் ஒருபக்கம் சாய்ந்துவிட்டால், கவிழ்த்துவைக்கும்போது அதன் எடையே அதைச் சரிசெய்யும். தட்டு நீளும் பெட்டிக்கு அந்தச் சலுகை கிடையாது, கவிழ்த்தால் சிடி கீழே விழும்.

அண்ணாச்சியிடம் போனோம். பையிலிருந்து எடுத்ததும் வழக்கமான தீர்ப்பு வந்தது. மெட்ராஸ் ரிச்சி தெருவிலிருந்து லென்ஸ் வரவழைக்க வேண்டும், ஐந்நூறு ரூபாய்க்குப் பக்கத்தில் ஆகும், வேலைக்கூலி தனி. அப்பா பெட்டியைத் திரும்பப் பைக்குள் வைத்துவிட்டார். விளையாட்டுச் சாமானுக்கு அவ்வளவு தண்டம் அழ அவர் தயாராக இல்லை.

அக்கா அப்போது பாலிடெக்னிக்கில் எலெக்ட்ரானிக்ஸ் இரண்டாம் ஆண்டு. கேம் ஆடுவதில் அவளுக்குத் துளியும் ஆர்வமில்லை, கன்ட்ரோலரைக் கையில் எடுத்து நான் பார்த்ததில்லை. ஆனால் வீட்டில் யாரும் கேட்காத ஒரு கேள்வியை அவள்தான் கேட்டாள்.

“ஏலே, எந்த சிடியுமே ஓடமாட்டேங்குதா, சிலது மட்டும் ஓடலையா?”

எனக்குப் பதில் தெரியவில்லை. பிடித்த ஆட்டம் ஓடவில்லை என்பது மட்டுமே தெரியும். வீட்டில் இருந்த சிடிகளையெல்லாம் தரையில் பரப்பச் சொன்னாள். அடிப்பக்கம் கறுப்பாக இருந்தவை பழைய பிளேஸ்டேஷன் ஆட்டங்கள், அதில் ‘டெக்கன் 3’ உண்டு. அடிப்பக்கம் நீலமாக இருந்தவை பிளேஸ்டேஷன் 2இன் தொடக்ககால ஆட்டங்கள், சிடியிலேயே அடங்கிப்போனவை. மற்றவை வெள்ளி நிறத்தில் டிவிடிகள். ஒவ்வொன்றாகப் போட்டோம். கறுப்பு ஓடியது. நீலமும் ஓடியது, கொஞ்சம் யோசித்துவிட்டு. வெள்ளி ஒன்றுகூட ஓடவில்லை. அக்கா தன் லேப் நோட்டின் கடைசிப் பக்கத்தில் கட்டம் போட்டு இதை எழுதிவைத்தாள். எதற்கு இந்தக் கணக்குப்பிள்ளை வேலை என்று எனக்குச் சலிப்பாக இருந்தது. அன்றைக்குப் பாதி ரிப்பேர் முடிந்துவிட்டது என்பேன் இப்போது.

காரணம் இது. சிடியைப் படிக்கும் லேசர் வேறு, டிவிடியைப் படிக்கும் லேசர் வேறு. சிடிக்கு 780 நானோமீட்டர் அலைநீளம், ஏறக்குறைய கண்ணுக்கே தெரியாத அகச்சிவப்பு. டிவிடிக்கு 650 நானோமீட்டர், கண்ணுக்குத் தெரியும் சிவப்பு. நாம் லென்ஸ் என்று மொத்தமாகச் சொல்லும் அந்தச் சிறு பெட்டகத்துக்குள் இரண்டுக்கும் ஏற்பாடு இருக்கிறது, வெளியே தெரியும் குமிழ் மட்டும் பொது. ஆகவே சிடி ஓடுகிறது என்றால் சுழற்றும் மோட்டார் நன்றாக இருக்கிறது, சிடியை மேலிருந்து அழுத்திப் பிடிக்கும் காந்தம் இருக்கிறது, லென்ஸை உள்ளும் புறமும் நகர்த்தும் மோட்டார் இருக்கிறது, கேபிள் இருக்கிறது, போர்டு பெரும்பாலும் இருக்கிறது. இத்தனையும் ஒரு நீல சிடி ஓடியதில் சந்தேகத்திலிருந்து விடுபட்டன. மிச்சம் இருப்பது இரண்டே சந்தேகம். டிவிடி லேசர் மங்கியிருக்கலாம். அல்லது குமிழில் அழுக்கு. டிவிடி தடங்களின் இடைவெளி 0.74 மைக்ரோமீட்டர், சிடிக்கு 1.6. சிடி பொறுத்துக்கொள்ளும் அழுக்கை டிவிடி பொறுக்காது. டையோடு செத்துவிட்டது என்று முடிவுகட்டுவதற்கு முன் துடைத்துப் பார்ப்பது காசில்லாத வேலை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், அப்பா தூங்கும் நேரம் பார்த்துத் திறந்தோம். மின்வயரைப் பிடுங்கிவிட்டு வெகுநேரம் கழித்தே திருப்புளியைத் தொட்டாள் அக்கா. அந்த மாடலில் 230 வோல்ட் வந்து இறங்கும் பவர் போர்டு உள்ளேயே இருக்கிறது, கெப்பாசிட்டர்களில் மின்சாரம் தேங்கி நிற்கும். அடியில் சிறு சதுர மூடிகளுக்குக் கீழே எட்டுத் திருகாணிகள், இன்னும் பழைய மாடல்களில் பத்து. பின்பக்கம் வாரண்டி ஸ்டிக்கர். சிங்கப்பூர் வாரண்டி தூத்துக்குடியில் எதற்கு என்று அதைக் கிழித்தாள். கழற்றிய திருகாணிகளை இட்லித் தட்டின் குழிகளில் அடுக்கடுக்காகப் போட்டாள்: வெளி ஓட்டுக்கு ஒரு குழி, டிரைவ் மூடிக்கு ஒரு குழி. “நாளைக்குக் காலைல இட்லி ஊத்தணும்ட்டி” என்ற அம்மாவின் குரலுக்குப் பதில் இல்லை. மேல் ஓட்டைத் தூக்கும்போதுதான் கவனம் வேண்டும். முன்பக்கத்து பவர் பொத்தானுக்கும் தட்டைத் திறக்கும் பொத்தானுக்கும் போகும் காகித மெலிவான ரிப்பன் கேபிள் ஒன்று ஓட்டோடு சேர்ந்து வரும். வெடுக்கென்று இழுத்தால் அது கிழியும், பிறகு பெட்டியைப் போடவே முடியாது. ஊரில் வீட்டிலேயே திறந்து வீணாய்ப்போன பெட்டிகள் பலவும் லென்ஸால் போகவில்லை, இந்த ரிப்பனால் போனவை.

உள்ளே கண்ட காட்சிக்கு யார்மீதும் பழி போட முடியாது. பெட்டியின் பின்னால் ஒரு மின்விசிறி, முன்பக்கத்து இடுக்குகள் வழியே காற்றை உறிஞ்சிப் பின்னால் தள்ளுவது அதன் வேலை. தமிழ்நாட்டின் உப்பில் பெரும்பங்கு விளையும் மாவட்டம் எங்களுடையது. பகலில் கடலிலிருந்து வரும் காற்றில் உப்பு ஈரம், ஆடியில் மேற்கிலிருந்து அடிக்கும் காற்றில் செம்மண் புழுதி. இரண்டையும் சேர்த்து நாள்தோறும் பல மணிநேரம் அந்த விசிறி பெட்டிக்குள் வாங்கியிருந்தது. உலோகத் தகடுகளின் ஓரத்தில் துரு. எல்லாவற்றின் மேலும் பிசுபிசுப்பான சாம்பல் நிறப் படலம். போதாததற்கு டிவி ஸ்டாண்டின் கண்ணாடிக் கதவுக்குள் வைத்துப் பூட்டியிருந்தோம், தூசி படாமல் இருக்கட்டும் என்று அம்மா செய்த ஏற்பாடு. வெப்பம் போக வழியில்லாமல் லேசர் டையோடும் அதில் வெந்துகொண்டிருந்திருக்கிறது.

டிரைவின் மேல்தகட்டை எடுத்ததும் லென்ஸ் தெரிந்தது. மெல்லிய கம்பிகளில் தூளிபோலத் தொங்கும் ஒரு குமிழ், இருபுறமும் குட்டிக் காந்தங்கள், சுற்றிலும் சுருள். சுருளில் மின்சாரம் மாற மாற குமிழ் மேலும் கீழும், பக்கவாட்டிலும் அசையும். ஒலிபெருக்கியின் கூம்பு அசைகிற அதே தத்துவம். சுழலும் சிடி அரை மில்லிமீட்டர் வரை மேலும் கீழும் ஆடலாம். அந்த ஆட்டத்தோடு சேர்ந்து ஆடிக்கொண்டே, மைக்ரோமீட்டர் கணக்கில் குவியத்தைப் பிடித்துவைக்க வேண்டும். இடைவிடாமல் இந்தத் திருத்தம் நடக்கிறது. இதை முதலில் கேட்டபோது, பெட்டி ஏன் கெட்டது என்பதைவிட இத்தனை நாள் எப்படி ஓடியது என்பதே எனக்கு ஆச்சரியமாகிவிட்டது.

துடைப்பதற்கு ஐசோபுரோபைல் ஆல்கஹால், பாலிடெக்னிக் லேபிலிருந்து ஒரு சின்னக் குப்பியில். மருந்துக்கடை ஸ்பிரிட் போதாதா என்று கேட்டேன். சிலவற்றில் எண்ணெய் கலந்திருக்கும், காய்ந்தபின் படலம் நிற்கும் என்றாள். நகப்பூச்சு அழிக்கும் திரவத்தைக் கிட்டவே கொண்டுவரக் கூடாது, குமிழ் பிளாஸ்டிக், அசிட்டோன் பட்டால் வெளுத்துவிடும். காது குடையும் பஞ்சுக்குச்சியின் நுனியை நனைத்து, உதறி, குமிழைத் தொட்டும் தொடாமலும் ஒரு சுற்று. காய்ந்த குச்சியால் இன்னொரு சுற்று. அழுத்தினால் தொங்கும் கம்பி வளையும், வளைந்தால் அந்த லென்ஸுக்குக் கதிமோட்சம் இல்லை. பஞ்சில் பழுப்பாகக் கறை வந்தது. இந்த வேலைக்கென்று பிரஷ் ஒட்டிய ‘லென்ஸ் கிளீனர்’ சிடிகள் கடைகளில் தொங்கும். காய்ந்த தூசிக்கு அது ஆகலாம். உப்பும் பிசுக்கும் சேர்ந்த படலத்தை அந்தப் பிரஷ் இழுத்துப் பூசத்தான் செய்யும்.

மேல்தகட்டை வைத்து, சிடி போடாமல் ஓட்டி, பக்கவாட்டிலிருந்து பார்த்தோம். நேராக மேலிருந்து பார்க்க அவள் விடவில்லை. லேசர் ஒளி, அதிலும் சிடியின் கண்ணுக்குத் தெரியாத ஒளி, விழித்திரையைச் சுடும். குமிழ் உள்ளே போய், கொஞ்சம் மேலெழுந்து, தாழ்ந்து, குவியத்தைத் தேடியது. ஓரத்தில் மங்கலாய் ஒரு சிவப்பு. டிவிடி லேசர் சாகவில்லை.

வெள்ளி டிவிடியைப் போட்டோம். ஓடியது. ஆனால் எல்லாம் இல்லை, சில மட்டும். அதுவும் ஆட்டத்தின் தொடக்கம் சரியாக வரும், உள்ளே போகப் போகத் திணறும். நான் துள்ளிக் குதித்ததை அக்கா கண்டுகொள்ளவில்லை, அவளுக்கு இந்தப் புது விவரம்தான் முக்கியம். சிடியும் டிவிடியும் நடுவிலிருந்து விளிம்பை நோக்கிப் படிக்கப்படுபவை. நடுவில் நன்றாகப் படித்து விளிம்பில் திணறினால் லேசரைச் சந்தேகிப்பதைவிட லென்ஸ் நகரும் பாதையைச் சந்தேகிக்க வேண்டும். லென்ஸ் பெட்டகம் இரண்டு எஃகுத் தண்டுகளின் மேல் சறுக்குகிறது. அந்தத் தண்டுகளில் பெட்டி செய்தபோது தடவிய கிரீஸ், தூசியோடு சேர்ந்து அரக்காகியிருந்தது. டக், டக் சத்தத்துக்கு அதுதான் காரணம். அம்மாவின் தையல் மெஷின் எண்ணெயை நான் எடுத்துவந்தேன். அது ஓடிப் பரவும், குமிழுக்கே போய்ச் சேரும் என்று திருப்பி அனுப்பிவிட்டு, அண்ணாச்சியிடம் போய் வெள்ளை கிரீஸ் ஒரு தீக்குச்சி நுனியளவு வாங்கிவரச் சொன்னாள். “எதுக்குடே?” என்றார். சொன்னேன். “அதான் லென்ஸ் வீக்குன்னு சொல்லிட்டேனே” என்றார், ஆனால் கிரீஸ் கொடுத்தார்.

இன்னொரு சமாச்சாரமும் இருந்தது. தண்டின் ஒரு முனையை ஏற்றி இறக்குவதற்கு வெள்ளை பிளாஸ்டிக்கில் ஒரு பல்சக்கரம். லென்ஸ், சிடிக்கு எந்தக் கோணத்தில் நிற்கிறது என்பதை அதுதான் தீர்மானிக்கிறது. ஆண்டுக்கணக்கில் அதிர்ந்து அதிர்ந்து அது தானாகவே நகர்ந்துவிடும். இதைத் திருப்பினால் பெட்டி பிழைக்கும் என்பது அப்போது ரிப்பேர் செய்பவர்களிடையே பரவலாகத் தெரிந்த வித்தை. வித்தை தெரிந்த பலரும் செய்யாத ஒன்றை அக்கா முதலில் செய்தாள்: சிவப்பு நகப்பூச்சால் சக்கரத்தின் பல்லிலும் அதற்கு நேர் எதிரே சட்டத்திலும் ஒரு புள்ளி. பிறகு ஒரு பல் திருப்பு, ஓட்டிப் பார், நோட்டில் எழுது. எதிர்ப்பக்கம் ஒரு பல், ஓட்டிப் பார், எழுது. தொடங்கிய இடத்துக்கு எப்போது வேண்டுமானாலும் திரும்பிவர முடியும் என்பதால் அவளுக்குப் பதற்றமே இல்லை. சாயங்காலம் அப்பா எழுந்து வந்தபோது வர்ணனையாளர் முழு வாக்கியம் பேசிக்கொண்டிருந்தார்.

இரவல் வாங்கிவந்த ‘காட் ஆஃப் வார்’ மட்டும் ஓடவில்லை. அது அசல் டிவிடி. எங்களிடம் இருந்தவற்றில் பாதி, நகலையும் ஏற்கும்படி சிப் போட்ட எங்களுடையது போன்ற பெட்டிக்கென்று பஜாரில் விற்றவை. நகல் ஓடுகிறது, அசல் ஓடவில்லை. தெருப் பையன்களுக்கு இது பெரிய வேடிக்கையாகிவிட்டது. விஷயம் இதுதான். 2005இல் வந்த அந்த ஆட்டம் இரண்டு அடுக்கு டிவிடியில் வந்தது. ஒரே பக்கத்தில் ஒன்றன் கீழ் ஒன்றாக இரண்டு தகவல் அடுக்குகள், மேலடுக்கை ஊடுருவிக் கீழடுக்கைப் படிக்க வேண்டும். ஓரடுக்கு டிவிடி தன்மேல் விழும் ஒளியில் ஏறக்குறைய பாதியையாவது திருப்பி அனுப்பும் என்று வைத்துக்கொண்டால், இரட்டையடுக்கில் ஒவ்வோர் அடுக்கும் திருப்பி அனுப்புவது 18 முதல் 30 சதவீதம்தான். மங்கிய லேசர் முதலில் மண்டியிடுவது இங்கேதான். ஆக, அண்ணாச்சியின் தீர்ப்பிலும் உண்மை இருந்தது. அழுக்கையும் கிரீஸையும் கோணத்தையும் விலக்கிய பிறகு மிச்சம் நின்ற உண்மை.

நகல்களையும் நல்லவை என்று சொல்லிவிட முடியாது. மட்டமான தட்டில் வேகமாக எரித்தவை, மேலே காகித லேபிள் ஒட்டியவை. லேபிள் ஒரு மயிரிழை தள்ளி ஒட்டியிருந்தால் சுழற்சியில் சிடி தள்ளாடும், அந்தத் தள்ளாட்டத்தைப் பிடிக்க லென்ஸ் இரண்டு மடங்கு உழைக்கும். கீறலைப் பற்றி எங்களுக்கிருந்த எண்ணமும் தப்பு. சிடியில் தகவல் இருப்பது பளபளக்கும் அடிப்பக்கத்தில் அல்ல, படம் அச்சிட்ட மேல்பக்கத்துக்கு மிக அருகில். அடிப்பக்கக் கீறலைப் பெரும்பாலும் சமாளிக்கலாம். மேல்பக்கம் சுரண்டினால் தகவலே உரிந்து வந்துவிடும். டிவிடியில் அது இரண்டு மெல்லிய தட்டுகளுக்கு நடுவே பத்திரமாக இருக்கிறது. அடிப்பக்கத்திலும் நடுவிலிருந்து விளிம்புக்குப் போகும் கீறல் அவ்வளவு கெடுதல் இல்லை, தடத்தோடு சேர்ந்து வட்டமாகப் போகும் கீறல்தான் கெடுதல். ரீட், சாலமன் என்ற இரு கணித அறிஞர்கள் 1960இல் வகுத்த முறையில் சிடியின் தகவல் பிழைதிருத்தக் குறிகளோடு சிதறடித்து எழுதப்படுகிறது. தடத்தின் போக்கில் சுமார் 2.5 மில்லிமீட்டர் வரை தகவல் அழிந்தாலும் மிச்சத்தைக்கொண்டு அதை முழுமையாகக் கணித்துவிடலாம். அதற்கு மேல் போனால் முடியாது. சிடியை வட்டமாகத் துடைக்காதே, நடுவிலிருந்து வெளியே துடை என்று உறையில் போட்டிருப்பது இதனால்தான். நாங்கள் எல்லோரும் சட்டை நுனியால் வட்டமாகத்தான் துடைத்துக்கொண்டிருந்தோம்.

லேசரின் பலத்தைக் கூட்ட ஒரு வழி உண்டு. லென்ஸ் பெட்டகத்தில் மிளகைவிடச் சிறிதாக இரண்டு பொட்டென்ஷியோமீட்டர்கள், ஒன்று சிடிக்கு, மற்றது டிவிடிக்கு. திருப்பினால் ஓம் குறையும், டையோடுக்குப் போகும் மின்னோட்டம் கூடும், ஒளி பிரகாசமாகும். ஆயுளும் அதே கணக்கில் கரையும். இணையத்தில் இதைப் படித்துவிட்டு எடுத்த எடுப்பில் திருப்பி, நல்ல லேசரைப் பொசுக்கியவர்கள் அநேகம். கொஞ்சம் கிரீஸில் முடிந்திருக்க வேண்டிய வேலை அது. அக்கா மல்டிமீட்டரை வைத்து இரண்டின் அளவையும் எழுதிக்கொண்டு, டிவிடிக்கானதை மட்டும் இம்மியளவு திருப்பினாள். ‘காட் ஆஃப் வார்’ ஓடியது. “ரொம்ப நாள் தாங்காதுலே, பாத்துக்கிட்டு ஆடு” என்று சொல்லிவிட்டுத் தன் பரீட்சைக்குப் படிக்கப் போய்விட்டாள்.

அடுத்த ஆண்டு மழைக்காலத்தில் டிவிடி லேசர் ஓய்ந்தது. துடைத்தாலும் ஒன்றும் ஆகவில்லை, ஓரத்தில் தெரியும் அந்தச் சிவப்பே இல்லை. இப்போது லென்ஸ் வாங்க அப்பாவுக்கு ஆட்சேபனை இல்லை, அதற்குள் பெட்டியில் டிவிடி படம் பார்க்கும் பழக்கம் அவருக்கு வந்திருந்தது. அண்ணாச்சி ரிச்சி தெருவிலிருந்து வரவழைத்தார். கடையில் நான் பக்கத்தில் நிற்க, அக்கா கழற்றிக் கொடுக்க, அவர் மாட்டினார். மாட்டுவதற்கு முன் பூதக்கண்ணாடியை எடுத்துப் புது லென்ஸின் அடியில் எதையோ தேடினார். “இங்க பாரு பாப்பா, இந்த ஈயப் பொட்டு. இத எடுக்காம மாட்டுனா நாள் பூரா தலைகீழா நின்னாலும் ஓடாது” என்றார். நம் விரலில் தேங்கும் நிலைமின்சாரமே லேசர் டையோடைக் கொல்லப் போதும். அதனால் தொழிற்சாலையிலேயே அதன் முனைகளை ஒரு துளி ஈயத்தால் இணைத்து அனுப்புகிறார்கள். மாட்டும்போது அந்தத் துளியைச் சூடுகாட்டி எடுக்க வேண்டும், சூடு ஒரு கணம் அதிகமானாலும் டையோடு போய்விடும். சால்டரிங் அயர்னின் நுனியை நனைத்த ஸ்பாஞ்சில் துடைத்து, மூச்சைப் பிடித்து, ஒரு தொடுகையில் எடுத்துவிட்டார். அக்காவின் பாடப்புத்தகத்தில் இது இல்லை. அண்ணாச்சிக்கு எத்தனை லென்ஸைப் பலிகொடுத்துக் கிடைத்த பாடம் என்று கேட்டதற்குச் சிரித்தார். கூலி வாங்கவில்லை. அதற்குப் பதிலாக எங்களிடம் இருந்த நீல சிடிகளில் ஒன்றைக் கேட்டு வாங்கிக்கொண்டார், கடையில் சோதனைக்கு வைத்துக்கொள்ள.

புது லென்ஸ் போட்டபின் பெட்டி நான் கல்லூரிக்குப் போகும்வரை ஓடியது. 2013 தொடங்கும்போது பிளேஸ்டேஷன் 2 தயாரிப்பே நின்றுவிட்டது.

பின்னால் வந்த பெட்டிகளின் கதை வேறு. அவற்றில் டிரைவும் மதர்போர்டும் ஒன்றுக்கொன்று சாவிபோட்டுப் பூட்டப்பட்டவை. 2005இல் வந்த எக்ஸ்பாக்ஸ் 360இல் டிரைவைக் கழற்றிவிட்டு அதே மாதிரி வேறொன்றை மாட்டினால் ஆட்டம் ஓடாது, பழைய டிரைவின் ரகசிய எண்ணைப் புதியதில் ஏற்ற வேண்டும். பிளேஸ்டேஷன் 3, 4 இரண்டிலும் லேசரை மாற்றலாம், டிரைவின் போர்டை மாற்ற முடியாது. நகல் சிடிகளைத் தடுக்க என்பது அவர்கள் தரப்பு. அதில் நியாயம் இல்லாமல் இல்லை, பஜார் நகல்களை ஓட்டிய எங்களுக்கே அது தெரியும். ஆனால் காசுகொடுத்து அசல் வாங்கியவரின் டிரைவ் கெட்டாலும் அவர் வீட்டில் சரிசெய்ய முடியாமல் போவது என்ன நியாயம்? அமெரிக்காவில் இந்தப் பூட்டை உடைப்பதே பதிப்புரிமைச் சட்டப்படி குற்றமாக இருந்தது. 2021இல் அதற்கு ஒரு விதிவிலக்கு கொடுத்தார்கள்: கேம் கன்சோல்களில் டிஸ்க் டிரைவைப் பழுதுபார்ப்பதற்கு மட்டும் பூட்டைத் தாண்டலாம். கன்சோலில் வேறு எந்தப் பாகத்துக்கும் அந்தச் சலுகை இல்லை. ஊரெங்கும் எந்தப் பாகம் அதிகம் கெடுகிறது என்பதற்கு இதைவிடச் சாட்சி வேண்டாம். நம் நாட்டில் 2022 டிசம்பரில் நுகர்வோர் விவகாரத் துறை பழுதுபார்க்கும் உரிமைக்கென்று ஓர் இணையதளம் தொடங்கியது. கைபேசி, வீட்டு மின்சாதனம், வாகனம், விவசாயக் கருவி என நான்கு துறைகளை எடுத்துக்கொண்டது. நல்ல தொடக்கம்தான். கையேடும் உதிரிபாகமும் தெருமுனை அண்ணாச்சிவரை வந்து சேர்ந்தால்தான் அதற்குப் பொருள்.

2023 கடைசியில் வந்த பிளேஸ்டேஷன் 5 மாடலில் டிரைவைத் தனியே கழற்றி மாட்டலாம். திருப்புளிகூட வேண்டாம், ஆனால் முதல்முறை மாட்டும்போது இணையத்தோடு இணைத்துப் பதிய வேண்டும். அடுத்த ஆண்டு வந்த புரோ மாடலில் டிரைவே கிடையாது, வேண்டுமென்றால் தனியாக வாங்கிக்கொள்ளலாம். கோயம்புத்தூரில் இருக்கும் அக்காவின் மகன் ஆட்டங்களை இறக்கியே ஆடுகிறான், சிடி உள்ளே போகும் சத்தத்தை அவன் கேட்டதில்லை. அவனுக்கு அதில் குறை ஒன்றும் தெரியவில்லை. எனக்குத் தெரிகிறது: நான் வாங்கியதை நண்பனுக்கு இரவல் கொடுக்க முடியவில்லை.

உங்கள் வீட்டுப் பரணில் பழைய பெட்டி ஏதாவது கிடந்தால், இரும்புக்காரருக்கு எடைபோடும் முன் ஒன்று செய்யுங்கள். கிடைக்கிற சிடி, ஓரடுக்கு டிவிடி, இரட்டையடுக்கு டிவிடி எல்லாவற்றையும் ஒவ்வொன்றாகப் போட்டு, எதை எடுக்கிறது, எதை எடுக்கவில்லை, தொடக்கத்திலா நடுவிலா எங்கே நிற்கிறது என்று எழுதுங்கள். நிறுவனங்கள் வெளியிட்ட அசல் திரைப்பட டிவிடிகளில் பலவும் இரட்டையடுக்குதான், சோதனைக்கு அதுவே போதும். பிறகு மின்சாரத்தைத் துண்டித்து, குமிழைத் துடைத்து, தண்டுகளுக்குப் புது கிரீஸ் தடவுங்கள். எதைத் திருப்புவதானாலும் முதலில் புள்ளி வையுங்கள், பொட்டென்ஷியோமீட்டரைக் கடைசிவரை தொடாதீர்கள். திறந்துவைத்து ஓட்டும்போது மேலிருந்து எட்டிப் பார்க்க வேண்டாம், பிள்ளைகளையும் பார்க்க விடாதீர்கள்.